களரில் முளைத்த கொழுக்கட்டைப் புல்

எங்கள் அப்பாவுக்குப் புல்லைப் பற்றிப் பேசச் சொன்னால் போதும், சோறு தண்ணி வேண்டாம். நெய்வேலி மைன்ஸில் பக்கெட் வீல் மெஷின் ஓட்டுகிற வேலை. எட்டு மணி நேரம் மண்ணை வாரி வாரிக் கொட்டிவிட்டு, காது மடலுக்குள்ளெல்லாம் செம்மண்ணோடு வீட்டுக்கு வருவார். குளித்துவிட்டுக் காப்பி டம்ளரைக் கையில் வாங்கியதும் ஆரம்பித்துவிடுவார். கேட்க ஆள் இல்லாவிட்டால் மாட்டிடம் பேசுவார்.

எங்கள் பிளாக்கில் ஆளுக்கொரு ஊர். அவரவர் ஊரில் இல்லாத அதிசயம் உலகத்திலேயே கிடையாது. பக்கத்து குவார்ட்டர்ஸ் திருநெல்வேலி மாமா அவர் ஊர் ஆற்றுத் தண்ணீரைப் பற்றி ஆரம்பித்தால் நாம் குடித்துக்கொண்டிருக்கும் தண்ணீர் கசந்துவிடும். எதிர்வீட்டு மதுரைக்காரர்கள் மல்லிகையைத் தவிர வேறு எதையும் பூ என்று ஒப்புக்கொள்ள மாட்டார்கள். எங்களுக்குக் காங்கேயம் பக்கம். பெருமை பேச ஆறும் கிடையாது, பூவும் கிடையாது. கிணற்றுத் தண்ணீரோ உப்பு, அதில் பருப்புகூட வேகாது. ஆகவே அப்பா புல்லைப் பிடித்துக்கொண்டார்.

கொழுக்கட்டைப் புல் என்று அதற்குப் பெயர். மழை பெய்யாத காட்டில் வளரும். உப்புப் பூத்த மண்ணிலும் வளரும். ஆடி வெயிலில் காய்ந்து சருகாகி, செத்தேபோயிற்று என்று நாம் கைவிட்ட பிறகு, ஒரு தூறல் விழுந்தால் அடித்தூரிலிருந்து பச்சை விடும். அதைத் தின்ற மாட்டின் பால் விரலில் ஒட்டும். நெய்வேலிப் புல்லெல்லாம் வெறும் தண்ணிப் புல், மாடு தின்கிறதா குடிக்கிறதா என்றே தெரியவில்லை என்பார். அம்மா வளர்த்த எங்கள் மாடு அந்தத் தண்ணிப் புல்லைத்தான் தின்று இரண்டு வேளையும் ஒழுங்காகப் பால் கொடுத்துக்கொண்டிருந்தது. அதை அம்மா சொல்லிக்காட்டினால் அப்பாவுக்குக் காது கேட்காது.

அந்தத் தண்ணிப் புல்லைத் தினமும் கொண்டுவந்து போட்டவரை நாங்கள் புல்லுக்காரம்மா என்போம். டவுன்ஷிப்புக்கு வெளியே சேத்தியாத்தோப்புப் பக்கம் போகும் ரோட்டோரத்து ஊர்க்காரர். மெலிந்து உயர்ந்த உடம்பு, வாயில் எப்போதும் வெற்றிலை. பின்பக்க கேட்டுக்குள் வந்து கொட்டகை வாசலில் புல்லுக்கட்டைப் போட்டுவிட்டு, சும்மாட்டுத் துணியால் முகத்தைத் துடைத்துக்கொண்டு நிற்பார். முந்திரிக் காலத்தில் எனக்காக இரண்டு முந்திரிப்பழம் மடியில் இருக்கும். கொட்டகையைத் தாண்டி ஒருநாளும் வந்ததில்லை. நாங்கள் உள்ளே வரச் சொன்னதும் இல்லை.

நான் ஐந்தாம் வகுப்புப் படித்த வருஷம் பொங்கலுக்கு ஊருக்குப் போனோம். திரும்பும்போது அப்பா இரண்டு தலையணை உறை நிறையக் கொழுக்கட்டைப் புல் விதையை அடைத்துக் கொண்டுவந்தார். சாக்கில் கட்டினால் பஸ் மேலே தூக்கிப் போட்டுவிடுவார்களாம். அந்த விதை பஞ்சு மாதிரி மெத்தென்று இருக்குமே தவிர சுணையுள்ளது. சேலத்தில் ஏறிய ஒருவர் அனுமதி கேட்டு அதில் தலைவைத்து நன்றாகத் தூங்கினார். விருத்தாசலத்தில் இறங்கும்போது கன்னத்தைச் சொரிந்துகொண்டே போனார். அப்பா ஜன்னல் பக்கம் திரும்பி உட்கார்ந்துகொண்டார்.

வந்த மறுவாரமே அம்மாவின் வெண்டைச் செடிகளைப் பிடுங்கி எறிந்துவிட்டு அப்பா பாத்தி கட்டினார். கொழுக்கட்டைப் புல்லை மற்ற விதைபோல மண்ணுக்குள் புதைக்கக் கூடாது. மேலாகத் தூவிவிட்டு, அதன்மேல் ஒரு பட்டி ஆட்டை நடக்கவிட வேண்டும். குளம்பு மிதித்து மிதித்து விதை மண்ணோடு ஒட்டும். அதுதான் எங்கள் பக்கத்து முறை. நெய்வேலி குவார்ட்டர்ஸில் ஆட்டுப்பட்டிக்கு எங்கே போவது? அப்பா யோசித்தார். பிளாக்கில் விளையாடிக்கொண்டிருந்த பிள்ளைகளையெல்லாம் கூப்பிட்டார். ஆளுக்கு ஒரு ஆரஞ்சு மிட்டாய், வேலை அங்குமிங்கும் நடப்பது. குதிகாலை ஊன்றாமல், ஆடு மாதிரி முன்பாதத்தால் மிதிக்க வேண்டும் என்று அவரே நடந்து காட்டினார். பதினோரு பேர் மிதித்தோம். மதுரைக்கார வீட்டுப் பையன் மே என்று கத்தியதற்கு மட்டும் ஒரு அதட்டல்.

திருநெல்வேலி மாமா வேலிக்கு அந்தப் பக்கம் நின்று வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். அம்மா வெண்டைக்காய்க் கோபத்தில் வெளியே வரவே இல்லை. சிரிக்காமல் நின்றவர் புல்லுக்காரம்மா ஒருவர்தான். கட்டை இறக்கிப் போட்டுவிட்டுப் போகாமல் பார்த்துக்கொண்டே இருந்தார். பிறகு, “உப்பு மண்ணுலகூட வருமாங்க இது?” என்று கேட்டார்.

அப்பாவுக்கு வந்த சந்தோஷத்தைப் பார்க்க வேண்டுமே. இத்தனை வருஷத்தில் யாரும் அவரிடம் புல்லைப் பற்றி ஒரு கேள்வி கேட்டதில்லை. எவ்வளவு உப்புக்குத் தாங்கும், எந்த மழைக்குத் தூவ வேண்டும், எத்தனை நாளில் தூர் கட்டும் என்று அரைமணி நேரம் பாடம் நடத்தினார். அந்தம்மா வெற்றிலையைக்கூட மெல்லாமல் கேட்டார்.

ஒன்றும் முளைக்கவில்லை. அப்பா காலையும் மாலையும் தண்ணீர் விட்டார். நைட் ஷிப்ட் முடிந்து வந்தால் தூங்கப் போகுமுன் பாத்தியைப் பார்த்துவிட்டுத்தான் போவார். ஒரு மாதம் கழித்துக் கோரை முளைத்தது, கீரை முளைத்தது, பிடுங்கி எறிந்த வெண்டைகூட ஒன்றிரண்டு முளைத்தது. கொழுக்கட்டைப் புல் மட்டும் இல்லை. புது விதை முளைக்காது, ஒரு மழையில் எடுத்ததை அடுத்த மழை வரைக்கும் போட்டுவைத்துத்தான் தூவ வேண்டும் என்பதை அவசரத்தில் அவர் மறந்துவிட்டார். ஊரிலிருந்து பெரியப்பா எழுதிய கடிதத்தைப் பார்த்தபிறகுதான் அவருக்கே ஞாபகம் வந்தது. அதற்குள் தூவியதெல்லாம் அழுகிப்போயிருந்தது.

“என்ன அண்ணாச்சி, கொழுக்கட்ட வெந்துட்டா?” என்று திருநெல்வேலி மாமா ஆரம்பித்துவைத்தார். அது பிளாக் முழுக்கப் பரவி, கம்பெனி பஸ்ஸில் ஏறி, மைன்ஸுக்கும் போய்ச் சேர்ந்தது. ஷிப்ட் பஸ்ஸில் அப்பாவுக்குக் கொழுக்கட்டை என்றே பெயர் வைத்துவிட்டார்கள். என்னைக்கூட ஸ்கூலில் கொழுக்கட்டை வீட்டுப் பெண் என்றார்கள். அப்பா சிரித்துச் சமாளித்துப் பார்த்தார். பிறகு மெல்ல மெல்லப் புல்லைப் பற்றிப் பேசுவதையே விட்டுவிட்டார். சாயங்காலம் காப்பியைக் குடித்துவிட்டுப் பேப்பரை விரித்து முகத்தை மறைத்துக்கொள்வார். எனக்கு அதுதான் தாங்கவில்லை. அவர் பேசியபோது காது வலிக்கிறது என்று ஓடியவள் நான். அவர் பேசாதபோது அந்த வீட்டில் இருக்கவே பிடிக்கவில்லை.

மீதி ஒரு தலையணை விதை பரணில் கிடந்தது. தீபாவளிக்கு வீடு ஒட்டடை அடித்தபோது அம்மா கீழே இறக்கினார். குப்பையில் போட மனசில்லை, வீட்டில் வைக்கவும் பிடிக்கவில்லை. புல்லுக்காரம்மாவிடம், உள்ளே இருப்பதைக் கொட்டிவிட்டு உறையை நீ வைத்துக்கொள் என்று கொடுத்துவிட்டார். அப்போதுதான் மழை ஆரம்பித்திருந்தது.

தை மாதக் கடைசியில் ஒரு சனிக்கிழமை. வாடகைக்கு ஒரு குட்டி சைக்கிள் எடுத்துக்கொண்டு, போகக் கூடாது என்று சொன்ன ரோட்டில்தான் போனேன். டவுன்ஷிப் எல்லையைத் தாண்டிக் கொஞ்ச தூரத்தில் செயின் கழன்றுவிட்டது. கையெல்லாம் கிரீஸோடு அழுகிற நிலையில் நின்றபோது புல்லுக்காரம்மா அரிவாளும் கயிறுமாக வந்துகொண்டிருந்தார். தனியாக இங்கே என்ன வேலை என்று திட்டினார். குச்சியை விட்டு நெம்பிச் செயினை மாட்டிக் கொடுத்தார். பிறகு என்ன நினைத்தாரோ, வா, உனக்கு ஒன்று காட்டுகிறேன் என்று ரோட்டிலிருந்து இறங்கி நடந்தார்.

அது ஒரு களர் நிலம். புறம்போக்கு. கம்பெனி பஸ்ஸில் போகும்போது நான் பார்த்திருக்கிறேன். கோடையில் வெள்ளை வெளேரென்று உப்புப் பூத்துக் கிடக்கும், ஒரு பூண்டு இருக்காது. இப்போது அதன் நடுவில் முழங்கால் உயரத்துக்குப் புல் நின்றது. நுனியெல்லாம் பூனைவால்போலக் கதிர். ஊரில் பார்த்த அதே புல். தொட்டுப் பார்த்தேன், அதே சுணை.

“உங்க அப்பா சொன்னாரு இல்ல, அதேமாதிரி தூவிட்டு ஆட்டை ஓட்டியாந்து மிதிக்க வுட்டேன். இதை நம்பித்தான் ஒரு கெடேரி புடிச்சிக்கினு வந்திருக்கேன், வாரத்துக்கு” என்றார். வாரத்துக்கு என்றால், வேறு ஒருவருடைய கன்று. இவர் தீனி போட்டு வளர்க்க வேண்டும். அது பெரிதாகி ஈன்றால் முதல் கன்று இவருக்கு. கோடையில் எல்லாப் புல்லும் கருகிவிடும், அப்போது இது நிற்கும், இதைப் போட்டுக் கெடேரியைத் தேற்றிவிட்டால் அடுத்த வருஷம் என் கொட்டகையில் என் மாடு என்றார். அவருக்கு வீட்டைத் தவிர ஒரு சாண் நிலம் கிடையாது என்று அன்றைக்குத்தான் எனக்குத் தெரியும். கட்டுக் கட்டாகப் புல் சுமந்து மற்றவர் மாட்டுக்கெல்லாம் போட்டவர், தனக்கென்று ஒரு மாட்டைக் கட்டப்போகிற சந்தோஷத்தை யாரிடமாவது சொல்ல வேண்டும்போல இருந்திருக்கிறது. கிடைத்தவள் நான்.

திரும்பும்போது என் தோளைப் பிடித்துக்கொண்டு சொன்னார்: “நான் வெதைச்சேன்னு மட்டும் யார்கிட்டயும் சொல்லிடாத பாப்பா. பொறம்போக்க வளைச்சிக்கினான்னு சண்டைக்கு வந்துடுவாங்க.”

சத்தியம் என்றேன். தலையில் கைவைத்துச் சொன்னேன். அவர் கையால் என் கிரீஸ் கறையைத் துடைத்துவிட்டு ரோடு வரைக்கும் கொண்டுவந்து விட்டார்.

எட்டு நாள் வாயைக் கட்டிக்கொண்டிருந்தேன். என் வயதுக்கு அதுவே சாதனை. ஒன்பதாம் நாள் திருநெல்வேலி மாமா எங்கள் வீட்டில் கேரம் விளையாட வந்தார். பேச்சுவாக்கில், அடுத்த பொங்கலுக்கு என்ன விதை அண்ணாச்சி, இட்லியா என்று கேட்டுவிட்டார். அப்பா தலையைக் குனிந்துகொண்டு காயை அடுக்கினார். அவர் காதோரம் சிவந்ததை நான் பார்த்தேன். அவ்வளவுதான். அப்பாவின் விதை முளைத்துவிட்டது, சேத்தியாத்தோப்பு ரோட்டுக் களரில் முழங்கால் உயரம் நிற்கிறது, நானே பார்த்தேன் என்று கொட்டிவிட்டேன்.

யார் விதைத்தது என்று கேட்டார்கள். அங்கேதான் நான் கெட்டிக்காரியாகிவிட்டேன். சத்தியம் ஞாபகம் வந்தது. தெரியாது, காற்றில் பறந்து போயிருக்கும் என்றேன். பஞ்சுபோல இருக்கிற விதை, பறக்காதா என்ன, என்று அப்பாவும் ஒத்துக்கொண்டார். அம்மா மட்டும் ஏதோ சொல்ல வாயெடுத்தார். தலையணையைத் தூக்கிக் கொடுத்த விஷயம் வெளியே வந்துவிடும் என்று நினைத்தாரோ என்னவோ, காப்பி போட உள்ளே போய்விட்டார்.

அந்த ஞாயிற்றுக்கிழமை அப்பாவுக்கு வார லீவு. நாங்கள் மூன்று பேர், திருநெல்வேலி மாமா, அப்பாவோடு வேலை பார்த்த காங்கேயம் பக்கத்துக்காரர்கள் இரண்டு பேர், ஒரு தூக்கு நிறையப் புளிசாதம் எல்லாம் சேர்ந்து புறப்பட்டோம். களரைப் பார்த்ததும் அப்பா செருப்பைக் கழற்றிவிட்டார். ஒரு சிட்டிகை மண்ணை எடுத்து நாக்கில் வைத்தார். எங்கள் ஊர்க் கிணற்றுத் தண்ணீரேதான் என்றார். கதிரைக் கையில் உருவிப் பார்த்தார். கண் கலங்கியிருந்தது. திருநெல்வேலி மாமா சுற்றிச் சுற்றிப் பார்த்துவிட்டு, “நான் தோத்துட்டேன் அண்ணாச்சி” என்று கையெடுத்துக் கும்பிட்டார். அப்பாவை அவ்வளவு சந்தோஷமாக அதற்கு முன் நான் பார்த்ததில்லை. அதைக் கொண்டுவந்தவள் நான் என்று நெஞ்சு நிமிர்ந்து நின்றேன்.

பிறகு அப்பாவும் அந்தக் காங்கேயம் ஆட்கள் இரண்டு பேரும் வேலி போட்டார்கள். எங்கள் பக்கத்தில் மேய்ச்சல் காடு என்றால் சுற்றி வேலி உண்டு. வேலி இல்லாத புல்லை எங்கள் ஜனங்களுக்குப் பார்க்கவே தெரியாது. புதிதாகத் தூர்கட்டிய காட்டில் முதல் வருஷம் மாடும் விடக் கூடாது, அரிவாளும் படக் கூடாது. விதை உதிர்ந்து, அடுத்த மழையில் அதுவும் முளைத்தபிறகுதான் தொட வேண்டும். இப்படியெல்லாம் சட்டம் பேசிக்கொண்டே, மூன்று பேரும் பக்கத்திலிருந்த சீமைக் கருவேலத்தை வெட்டி இழுத்துவந்து, புல்லைச் சுற்றி இடுப்பளவுக்கு முள் அடைத்துவிட்டார்கள். கையெல்லாம் கீறல். அவர்களுக்கு அது வேலையாகவே தெரியவில்லை. கல்யாண வீட்டுப் பந்தல் போடுகிற மாதிரிப் பாட்டும் கேலியுமாக இருந்தது.

புளிசாதத்தைப் பிரிக்கும் நேரத்துக்குப் புல்லுக்காரம்மா வந்தார். அரிவாள், கயிறு, சாக்கு. வேலியைப் பார்த்து நின்றுவிட்டார்.

அப்பாவே எழுந்து போய்ப் பேசினார். அதிகாரமாக இல்லை, சொந்தக்காரரிடம் நல்ல சேதி சொல்வதுபோலத்தான் சொன்னார். நம் வீட்டில் முளைக்காத விதை காற்றில் பறந்துவந்து இங்கே முளைத்திருக்கிறது பார், ஒரே ஒரு வருஷம் யாரும் அறுக்காமல் விட்டுவிட்டால் போதும், பிறகு இந்தக் களர் முழுக்கப் பரவிவிடும், நீயே எவ்வளவு வேண்டுமானாலும் அறுத்துக்கொள், உங்கள் ஊர்க்காரர்களிடமும் சொல்லிவை என்றார்.

அந்தம்மா அப்பாவைப் பார்த்தார். முள்ளைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார்.

நான் அப்பாவின் முதுகுக்குப் பின்னாலிருந்து வேகமாகத் தலையை ஆட்டினேன். சொல்லவில்லை, நான் சொல்லவே இல்லை என்று. உதட்டின்மேல் விரலை வைத்தும் காட்டினேன். சிரித்தேன்கூட.

இன்றைக்கு நினைத்தால் உடம்பு கூசுகிறது. அப்பா அநியாயக்காரர் இல்லை. இது இவங்க விதைச்சது அப்பா என்று நான் ஒரு வார்த்தை சொல்லியிருந்தால், அந்த நிமிஷமே முள்ளை இழுத்துப் போட்டிருப்பார். தன் பாடத்தைக் கேட்டு விதைத்த ஒரே ஆள் என்று பிளாக் முழுக்கக் கூட்டிப்போய்க் காட்டியிருப்பார். அந்தம்மா எப்படிச் சொல்வார்? எங்கள் கொட்டகை வாசலைத் தாண்டி வராதவர், கம்பெனியின் பெர்மனென்ட் ஆட்கள் நான்கு பேர் நிற்கும் இடத்தில், புறம்போக்கில் நின்றுகொண்டு, இது என் புல் என்று எந்த வாயால் சொல்வார்? சொல்லக்கூடிய ஒரே ஆள் நான். நான் விரலை உதட்டில் வைத்துக்கொண்டு நின்றேன்.

“நல்ல காத்துங்க அது” என்றார் அவர். அப்பா அதற்குப் பெரிதாகச் சிரித்தார்.

அம்மா இலையில் புளிசாதம் வைத்துக் கொடுத்தார். வீட்டில் பிள்ளைகள் இருக்கிறார்கள் என்று அதை அப்படியே முந்தானையில் முடிந்துகொண்டு வந்த வழியே போனார்.

அதற்குப் பிறகு நான்கு நாள்தான் எங்கள் வீட்டுக்குப் புல் வந்தது. பங்குனியில் வேறு ஒருவர் புல் போட வந்தார். அவரிடம் அம்மா புல்லுக்காரம்மாவைப் பற்றி விசாரித்தபோது, கெடேரிக்குத் தீனி போட்டுக் கட்டுபடியாகவில்லை என்று உடையவர்களிடமே திருப்பி ஓட்டிவிட்டார், பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு அறுவடை வேலைக்கு எங்கோ போய்விட்டார் என்று சொன்னாராம். இந்த ஜனங்கள் ஓர் இடத்தில் நிலையாக இருக்க மாட்டார்கள் என்று அம்மா அலுத்துக்கொண்டார். அப்பாவோ மறுபடி புல்லைப் பற்றிப் பேச ஆரம்பித்திருந்தார். ஷிப்ட் பஸ்ஸில் கொழுக்கட்டை என்று கூப்பிடுவதையும் விட்டுவிட்டார்கள்.

அந்த நான்காவது நாளைச் சொல்லியாக வேண்டும். நான் ஸ்கூல் விட்டு வந்தபோது அந்தம்மா கட்டை இறக்கிக்கொண்டிருந்தார். எங்கிருந்தோ அறுத்து வந்த சோனிக் கட்டு. ஞாயிற்றுக்கிழமையிலிருந்து அவர் என்னிடம் பேசவே இல்லை. அவ்வளவு பெரிய ரகசியத்தைக் காப்பாற்றியதற்கு ஒரு வார்த்தை நல்லதாகச் சொல்ல வேண்டாமா என்று எனக்கு உள்ளூர வருத்தம். அம்மா உள்ளே போன சமயம் பார்த்து ஓடிப்போய், அவர் காதில், நீங்க விதைச்சீங்கன்னு நான் யார்கிட்டயும் சொல்லவே இல்லை என்றேன்.

சும்மாட்டுத் துணியை உதறிக்கொண்டிருந்தவர் நிறுத்தினார். என் தலையில் ஒட்டியிருந்த ஒரு புல்லை எடுத்துப் போட்டார்.

“ஆமாம் பாப்பா, நீ சொல்லவே இல்ல” என்றார்.

எனக்குத் தலைகால் புரியவில்லை. உள்ளே ஓடி, தட்டில் இருந்த முறுக்கில் இரண்டை எடுத்துக்கொண்டு அவருக்குக் கொடுக்கத் திரும்பி வந்தேன். பின்பக்க கேட் திறந்து கிடந்தது. நாளைக்கு அவருக்கு மூன்றாகக் கொடுக்கலாம் என்று நினைத்துக்கொண்டு, அந்த இரண்டையும் நானே தின்றேன்.